ஆடாமல்

உடம்பில் உலோகம் ஏதாவது உண்டா?
படிவத்தில் நாலாவது கேள்வி.
இடது கணுக்காலில் இரண்டு திருகாணி
என்றார் இன்னஸ் டல்லக்,
வேறு ஊரில் விட்டுவந்த பெட்டிகளைச் சொல்வதுபோல.
டிசம்பர், உறைந்த மைதானம், பத்தொன்பது வயது.
டைட்டானியமா?
ஆமாம்.
அட்டை இருக்கிறதா?
இருந்தது.
கிளப் டிரைவர் மொராத் தன் போனில்
அதைப் படம் பிடித்து வைத்திருந்தார்.
கிளப்பில் எல்லாருடைய காகிதமும் அந்தப் போனில்தான்.

அவருடைய இங்கிலீஷில் பாதி எனக்குப் புரியவில்லை.
என்னுடையதில் பாதி அவருக்கு.
சொஹாரில், இரவு ஷிஃப்டில்,
மிஞ்சிய பாதிகளை வைத்து ஒப்பேற்றினோம்.

தொழில் என்ற கட்டத்தில்
விங்கர் என்று எழுதினார்.
அவர் கார்டில் அரபியில் ஆட்டக்காரர்.
என் கார்டில் டெக்னீஷியன்.
இரண்டும் காலாவதியாவது ஒரே மாதம்.
நான் கவனித்தேன், சொல்லவில்லை.

விங்கர் என்றால் என்ன?
முழங்காலைக் கூட்டுக்குள் வைத்துப் பூட்டியபடி
சும்மாதான் கேட்டேன்.
கையை நீட்டிக் கட்டிலின் விளிம்பைத் தடவினார்.
இங்கேயே. பதினாறு வருஷம்.
நடுவில் ஆடுகிறவனுக்கு நாலு திசை.
எனக்கு ஒரு பக்கம் எப்போதும் வெள்ளைக்கோடு,
கோட்டுக்கு அந்தப் பக்கம் முன்வரிசைக்காரர்கள்.
கையில் சூடாக மட்டன் பை,
வாயில் என் அம்மாவைப் பற்றிய விசாரணை.

முதலில் மீன்பிடித் துறைமுகத்தில் சின்ன கிளப்.
அப்புறம் பெரிய நகரம்.
அப்புறம் என்னைக் கடன் கொடுத்தார்கள்.
பணமா?
இல்லை, ஆளை. அஞ்சு தடவை.
இங்கே மேன்பவர் கம்பெனி
போர்ட்டுக்கு வெல்டர்களை விடுவதும் அப்படித்தான் என்றேன்.
வட்டி யாருக்குப் போகும் என்றும் கேட்டேன்.
சிரித்ததில் முழங்கால் நகர்ந்துவிட்டது,
மறுபடி பூட்டினேன்.

முந்நூற்றுப் பன்னிரண்டு ஆட்டம், பத்தொன்பது கோல்.
அதில் ஒன்றை அடித்தது காற்று.
மூலையிலிருந்து தூக்கிவிட்ட பந்தை
கடற்காற்று வளைத்து வலைக்குள் போட்டது.
பேப்பரில் என் பெயர்.
அந்த ஒன்றைத்தான்
இன்னும் நிறுத்தி நிறுத்திக் கேட்கிறார்கள்.

அதற்கு மேல் பேச்சில்லை.
காதில் பஞ்சு, கையில் அவசர மணி.
அசையக் கூடாது என்று இங்கிலீஷில் சொன்னேன்.
தமிழில் மனசுக்குள் ஓடியது:
ஆடாதீர்கள்.
ஒரே சொல்லில் நாங்கள்
விளையாட்டையும் அசைவையும் வைத்திருக்கிறோம்
என்று அவரிடம் எப்படிச் சொல்வது,
எதற்குச் சொல்வது.

இருபத்தெட்டு நிமிடம்
மெஷின் தகரக் கூரையை உதைத்தது.
கண்ணாடிக்கு இந்தப் பக்கம்
முழங்கால் துண்டு துண்டாக வந்து விழுந்தது.
இழுத்துக் கட்டிய கயிறாய்க் கறுத்துத் தெரியவேண்டிய தசைநார்
நனைந்த பஞ்சாய்க் கிடந்தது.
எலும்பில் பழைய அடிகளின் தழும்பு,
எந்த ஊர், எந்தக் குளிர்காலம் என்று பெயரில்லாமல்.
அவர் ஒரு முறைகூட அசையவில்லை.
இவ்வளவு சுத்தமான படம்
எனக்கு அபூர்வமாகத்தான் கிடைக்கும்.

இறங்கி உட்கார்ந்து, ஷூவைத் தேடாமல்,
என் முகத்தைப் பார்த்தார்.
எப்படி?
டாக்டர் சொல்வார் என்றேன்.
கதவருகே மொராத் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.
கிளப்பிலிருந்து கேட்டிருப்பார்கள்.
எல்லாருக்கும் தெரிந்த பதில்தான் அது,
நான் சொல்ல அனுமதி இல்லாத பதில்.

காரிடார் நிறைய இடம் இருந்தது.
அவர் சுவரை ஒட்டியே போனார்,
தரையில் போட்ட மஞ்சள் கோட்டின் மேல்,
வலது காலைக் கொஞ்சம் தாமதமாக எடுத்து.

அடுத்தவர் வெல்டர். போர்ட்டிலிருந்து, முதுகுவலி.
தமிழரா என்று கேட்டார். ஆமாம் என்றேன்.
பேனாவைத் திறந்தேன்.
அண்ணே, கண்ணில் எப்போதாவது
இரும்புத்தூள் விழுந்திருக்கிறதா?